தன் உற்பத்தியைத் தானே அடக்கும் புரதங்கள்: ரைபோசோமும் ஆர்என்ஏ மடிப்புகளும்

ஊட்டம் செழித்த சூழலில் வேகமாகப் பெருகும் ஓர் ஈ. கோலை பாக்டீரியாவுக்குள் எழுபதாயிரம் ரைபோசோம்கள் வரை இருக்கும். செல்லின் உலர் எடையில் கால் பங்குக்கும் மேல் அவற்றுக்கே போய்விடுகிறது. ஒவ்வொரு ரைபோசோமிலும் மூன்று ஆர்என்ஏ இழைகள் உண்டு. சிறிய 30எஸ் துணை அலகில் 1542 நியூக்ளியோடைடு நீளமுள்ள 16எஸ் இழையும், பெரிய 50எஸ் துணை அலகில் 2904 நீளமுள்ள 23எஸ் இழையும் 120 நீளமுள்ள 5எஸ் இழையும் அமைந்துள்ளன. இவற்றின்மீது ஐம்பதுக்கும் மேற்பட்ட புரதங்கள் பொருந்துகின்றன. சிறிய அலகின் புரதங்கள் எஸ்1, எஸ்2 என்றும் பெரிய அலகின் புரதங்கள் எல்1, எல்2 என்றும் எண்ணிடப்பட்டவை. எல்7/எல்12 என்ற புரதம் மட்டும் ஈ. கோலை ரைபோசோம் ஒன்றில் நான்கு படிகளாக இருக்கிறது; மற்றவை பொதுவாக ஒவ்வொன்றே.

இந்தச் சமவிகிதத்தைக் காப்பது எளிதல்ல. ரைபோசோம் ஆர்என்ஏவுக்கான மரபணுத் தொகுதிகள் ஈ. கோலையில் ஏழு. புரத மரபணுக்களோ ஒவ்வொன்றும் ஒரே படியாக, ஏறத்தாழ இருபது ஓபரான்களில், அதாவது ஒன்றாகப் படியெடுக்கப்படும் மரபணு வரிசைகளில், சிதறிக் கிடக்கின்றன. ரைபோசோம் ஆர்என்ஏ படியெடுக்கப்பட்டதும் ஏறக்குறைய முடிந்த பொருள். சில வெட்டுகளும் வேதி மாற்றங்களும்தான் பாக்கி. புரதத்தின் கதை வேறு. ஒரே தூது ஆர்என்ஏவிலிருந்து பல பிரதிகள் கட்டப்படலாம். எனவே படியெடுத்தலில் நேரும் சிறு ஏற்ற இறக்கமும் மொழிபெயர்ப்பில் பெருகிவிடும். ரைபோசோமில் இடம் கிடைக்காமல் மிதக்கும் உபரிப் புரதமோ வெறும் வீண்செலவோடு நிற்பதில்லை. இவை பெரும்பாலும் நேர்மின் ஏற்றம் மிகுந்தவை. ஆர்என்ஏவைக் கண்டால் ஒட்டிக்கொள்ளும் இயல்புடையவை.

அளவு மிஞ்சிவிட்டது என்பதைச் செல் எப்படி அறிகிறது? புரதமே அளவுகோலாகிறது என்பதுதான் விடை. அதன் தூது ஆர்என்ஏவிலுள்ள ஒரு மடிப்பு, மிஞ்சிய புரதத்தைப் பிடித்துக்கொண்டு உற்பத்தியை நிறுத்துகிறது. பாடநூல்கள் பெரும்பாலும் இந்த இடத்தோடு நின்றுவிடுகின்றன. ஆனால் இந்த ஏற்பாடு எல்லா நுண்ணுயிரிகளுக்கும் பொதுவான ஒரே பழைய கருவியா, ஒவ்வொரு குலமும் தனித்தனியே கண்டடைந்த பல கருவிகளா என்ற கேள்வி அதன் பின்னரே தொடங்குகிறது.

ஜப்பானில் பிறந்து அமெரிக்காவில் விஸ்கான்சின் பல்கலைக்கழகத்தில் பணியாற்றிய மசயாசு நோமுரா இந்தத் துறையின் மூலவர். 1968இல் அவரும் பீட்டர் டிராபும் 30எஸ் துணை அலகை அதன் ஆர்என்ஏவிலிருந்தும் பிரித்தெடுத்த புரதங்களிலிருந்தும் சோதனைக் குழாயில் மீண்டும் கட்டிக் காட்டியிருந்தனர். எந்தப் புரதம் நேரடியாக ஆர்என்ஏவைப் பற்றுகிறது, எது முன்பே அமர்ந்த புரதங்களைச் சார்ந்து பின்னால் வருகிறது என்ற வரிசையும் அதன் தொடர்ச்சியில் தெளிவாயிற்று. அடுத்த பத்தாண்டில் கேள்வி உற்பத்திக்குத் திரும்பியது. ரைபோசோம் புரத மரபணுக்களைச் சுமக்கும் லாம்டா ஃபேஜ் என்ற வைரஸை ஈ. கோலையில் புகுத்தினால் மரபணுப் படிகள் கூடுகின்றன, தூது ஆர்என்ஏவும் கூடுகிறது. புரத உற்பத்தி மட்டும் கூடவில்லை. 1979இல் வெளிவந்த இந்த முடிவு, கட்டுப்பாடு படியெடுத்தலுக்குப் பிந்தைய படியில் இருக்கிறது என்பதைக் காட்டியது.

1980இல் விடை உறுதியானது. செல்லில்லாத புரதத் தயாரிப்புக் கலவையில் தூய புரதங்களை ஒவ்வொன்றாகச் சேர்த்துப் பார்த்தபோது, பெரும்பாலானவை எதையும் செய்யவில்லை. குறிப்பிட்ட சில மட்டும் தங்கள் ஓபரானின் உற்பத்தியை அடக்கின. எல்11, எல்1 இரண்டையும் கொண்ட ஓபரானை எல்1 அடக்கியது, எல்11 அடக்கவில்லை. ஓபரானுக்கு ஒரு புரதமே காவலாள் என்ற முறை வெளிப்பட்டது. அதே ஆண்டில் ரோசெஸ்டர் பல்கலைக்கழகத்தின் லாசே லிண்டாலும் ஜேனிஸ் செங்கலும், பதினொரு மரபணுக்கள் கொண்ட எஸ்10 ஓபரானின் கட்டுப்பாட்டாளர் எல்4 என்று கண்டனர். எஸ்பிசி என்ற ஓபரானுக்கு எஸ்8, ஆல்ஃபா ஓபரானுக்கு எஸ்4, எஸ்டிஆர் ஓபரானுக்கு எஸ்7, பீட்டா ஓபரானுக்கு எல்10 என்று பட்டியல் நீண்டது.

காவலாளாகத் தேர்ந்தவை எவை என்பது கவனிக்கத்தக்கது. அவை பெரும்பாலும் ரைபோசோம் ஆர்என்ஏவை நேரடியாகப் பற்றும் புரதங்கள். நோமுரா குழு 1980இலேயே முன்வைத்த விளக்கம் இதிலிருந்து பிறந்தது. தூது ஆர்என்ஏவின் குறிப்பிட்ட பகுதி, அப்புரதம் ரைபோசோமில் அமரும் இடத்தைப் போலவே மடிந்திருக்கிறது. புரதத்துக்கு இரண்டு இருக்கைகள். ரைபோசோம் ஆர்என்ஏவின் இருக்கையில் பிடிப்பு அதிகம். தூது ஆர்என்ஏவின் இருக்கையில் குறைவு. புதிய ரைபோசோம் ஆர்என்ஏ வந்துகொண்டே இருக்கும்வரை புரதம் அங்கேயே போகும். அந்த வரத்து குறைந்தால் வேறு வழியின்றித் தன் தூது ஆர்என்ஏவில் அமர்ந்து உற்பத்தியை நிறுத்தும். இப்படி ரைபோசோம் ஆர்என்ஏவின் அளவே எல்லாப் புரதங்களின் அளவையும் நிர்ணயிக்கிறது. தனியான மேற்பார்வைப் புரதம் எதுவும் தேவைப்படவில்லை. சிறு மூலக்கூறுகளை உணரும் ரைபோசுவிட்சுகள் 2002இல் கண்டுபிடிக்கப்பட்டபோது, தூது ஆர்என்ஏவே உணரியாகச் செயல்படும் என்பது பெரும் புதுமையாகக் கொண்டாடப்பட்டது. இருபதாண்டுகளுக்கு முன்பே ரைபோசோம் புரதங்கள் அதன் ஒரு வடிவத்தைக் காட்டியிருந்தன என்பதை அந்த ஆரவாரத்தில் பலர் நினைத்துப் பார்க்கவில்லை.

ஒரே மடிப்பு எப்படி ஒரு நீண்ட ஓபரானின் பல மரபணுக்களையும் அடக்க முடியும்? எல்11 ஓபரான் இதற்குத் தெளிவான உதாரணம். எல்1 பற்றும் இடம் எல்11 மரபணுவின் தொடக்கத்துக்கு அருகில் இருக்கிறது; எல்1க்கான தொடக்கக் குறியனோ வெகு தொலைவில். ஆனால் எல்11ஐ மொழிபெயர்த்து முடிக்கும் ரைபோசோம் வந்தால்தான் எல்1இன் தொடக்கப் பகுதி திறக்கும். முன்னது நின்றால் பின்னதும் நிற்கும். மொழிபெயர்ப்புப் பிணைப்பு என்று அழைக்கப்படும் இந்த ஏற்பாட்டை 1983இல் பாமனும் நோமுராவும் சடுதி மாற்றங்களின் வழியாக நிறுவினர். ஒரு ஓபரானில் அடுத்தடுத்து அமர்ந்த மரபணுக்கள் சமமான அளவில் புரதம் தருவதற்கும் இதே பிணைப்பு உதவுகிறது.

எஸ்8இன் நிலை சிக்கலானது. அது பற்றும் இடம் எஸ்பிசி ஓபரானின் முதல் மரபணுவுக்கு முன்னால் இல்லை. எல்14, எல்24 ஆகிய இரண்டு மரபணுக்களைக் கடந்து, மூன்றாவதான எல்5இன் தொடக்கத்தில் இருக்கிறது. கீழே உள்ள மரபணுக்கள் பிணைப்பின் மூலம் அடங்குவது புரிகிறது. மேலே உள்ள இரண்டும் எப்படி அடங்குகின்றன? மொழிபெயர்ப்பு நின்ற இடத்திலிருந்து தூது ஆர்என்ஏ சிதையத் தொடங்கி, அந்தச் சிதைவு மேல்நோக்கியும் பரவி, முன்னுள்ள இரண்டையும் அழிக்கிறது. இது பின்னோக்கிய கட்டுப்பாடு எனப்படுகிறது. எஸ்டிஆர் ஓபரானிலும் எஸ்7 பற்றும் இடம் எஸ்12க்கும் எஸ்7க்கும் இடையிலுள்ள பகுதியில்தான் இருக்கிறது.

எல்4இன் வழி முற்றிலும் வேறு. எஸ்10 ஓபரானின் முன்பகுதி ஏறத்தாழ 170 நியூக்ளியோடைடு நீளமுள்ளது. அடுக்கடுக்கான கொண்டை ஊசி மடிப்புகள் கொண்டது. ஆர்என்ஏ பாலிமரேஸ் அந்தப் பகுதியைப் படியெடுத்துவரும்போது ஒரு மடிப்பில் தயங்குகிறது. நஸ்ஏ என்ற துணைப் புரதத்தின் உதவியோடு எல்4 அந்தத் தயக்கத்தை நீட்டித்து, படியெடுத்தலையே அங்கு முடித்துவிடுகிறது. மரபணுக்கள் படியெடுக்கப்படுவதேயில்லை. இதே எல்4 மொழிபெயர்ப்பையும் தனியாக அடக்குகிறது. இரண்டுக்கும் தேவையான ஆர்என்ஏ பகுதிகள் முழுவதும் ஒன்றல்ல என்பதை மரபணுச் சோதனைகள் பிரித்துக் காட்டின. ஒரே புரதம், ஒரே முன்பகுதி, இரண்டு தனித்தனிப் பூட்டுகள்.

எஸ்15, எஸ்4 இரண்டும் போலி முடிச்சு எனப்படும் மடிப்பைப் பயன்படுத்துகின்றன. ஒரு கொண்டை ஊசியின் வளையத்திலுள்ள காரங்கள் வெளியே உள்ள மற்றொரு பகுதியோடு இணைவதால் உருவாகும் முடிச்சு இது. இங்கே புரதம் ரைபோசோம் வந்து அமர்வதைத் தடுப்பதில்லை. அதை வரவிட்டுப் பிறகு நகரவிடாமல் பூட்டுகிறது. எஸ்15இன் தூது ஆர்என்ஏ இரண்டு வடிவங்களுக்கு இடையே மாறிக்கொண்டிருக்கும். எஸ்15 போலி முடிச்சு வடிவத்தை நிலைப்படுத்த, 30எஸ் அலகு தொடக்கக் குறியனைச் சரியாகப் பற்ற முடியாமல் அங்கேயே மாட்டிக்கொள்கிறது. டேவிட் டிரேப்பரின் குழு எஸ்4க்கும் இத்தகைய சிறைப்பிடிப்பு முறையைக் கண்டறிந்தது. 2007இல் ஸ்ட்ராஸ்பர்க் குழுவினர் கிரையோ மின்னணு நுண்ணோக்கியில் எஸ்15 விஷயத்தை நேரடியாகவே பார்த்தனர். மடிந்த தூது ஆர்என்ஏ 30எஸ் அலகின் மேடைப்பகுதியில் சிக்கி நிற்பது அந்தப் படங்களில் தெரிந்தது. அடக்குதல் என்றால் ரைபோசோமை விரட்டுவது என்ற பழைய எண்ணத்தை இந்தப் படங்கள் திருத்தின.

மற்ற ஓபரான்களைச் சுருக்கமாகக் குறிப்பிடலாம். எஸ்20 மரபணு வழக்கமான ஏயூஜிக்குப் பதிலாக யூயூஜி என்ற வலுவற்ற தொடக்கக் குறியனில் தொடங்குகிறது. அதை ஏயூஜியாக மாற்றினால் கட்டுப்பாடு தளர்கிறது. எல்10, எல்12 படிகளோடு சேர்ந்த கூட்டாகவே செயல்படுகிறது. அந்த ஓபரானின் கீழ்ப்பகுதியில் ஆர்என்ஏ பாலிமரேஸின் பீட்டா அலகுகளும் இருப்பதால், இடையில் படியெடுத்தல் பகுதியளவு நிறுத்தப்பட்டு, அவற்றின் அளவு தனியே குறைக்கப்படுகிறது. எஸ்6, எஸ்18 ஆகியவை ஒன்றாகச் சேர்ந்த பின்னரே தங்கள் தூது ஆர்என்ஏவைப் பற்றுகின்றன. ஈ. கோலையில் இப்படி 12 தனித்தனி ஆர்என்ஏ அமைப்புகள் அறியப்பட்டிருக்கின்றன.

நோமுராவின் போலிருக்கைக் கருத்துக்கு ஆதாரம் தேட அணுவளவிலான படங்கள் தேவைப்பட்டன. சிதம்பரத்தில் பிறந்த வெங்கி ராமகிருஷ்ணனின் குழு 2000இல் 30எஸ் அலகின் கட்டமைப்பை ஏறத்தாழ 3 ஆங்ஸ்ட்ரம் நுட்பத்தில் வெளியிட்டது. 2009ஆம் ஆண்டின் வேதியியல் நோபல் பரிசை அவர் தாமஸ் ஸ்டைட்ஸ், ஆடா யோனாத் ஆகியோருடன் பகிர்ந்துகொண்டதற்கு அடிப்படையான பணி அது. ரைபோசோமுக்குள் ஒவ்வொரு புரதமும் எங்கே, எப்படி அமர்கிறது என்பது கிடைத்த பிறகு, தூது ஆர்என்ஏவோடு சேர்ந்த படங்களை அதன் பக்கத்தில் வைத்துப் பார்க்க முடிந்தது. 2004இல் யேல் பல்கலைக்கழகத்தில் எஸ்8, எஸ்பிசி தூது ஆர்என்ஏ கூட்டின் படிக அமைப்பு 2.8 ஆங்ஸ்ட்ரம் நுட்பத்தில் தீர்க்கப்பட்டது. 16எஸ் ஆர்என்ஏவில் எஸ்8 பற்றும் பகுதியும் தூது ஆர்என்ஏவில் பற்றும் பகுதியும் கிட்டத்தட்ட ஒன்றாகவே இருந்தன. ரஷ்யாவின் புஷ்சினோவில் எல்1ஐ ஆராய்ந்த குழு 2005இல் இதே முடிவுக்கு வந்தது.

ஆனால் எல்லா இடத்திலும் ஒற்றுமை இவ்வளவு தெளிவாக இல்லை. ஈ. கோலையின் எஸ்15 ரைபோசோமில் மூன்று சுருள்கள் கூடும் சந்திப்பில் அமர்கிறது. அதன் தூது ஆர்என்ஏவிலோ போலி முடிச்சு. இரண்டுக்கும் பொதுவானது சில காரங்களின் சிறு அமைப்பு மட்டுமே. எல்4 பற்றும் மடிப்புக்கும் 23எஸ் ஆர்என்ஏவுக்கும் இடையே கண்ணுக்குத் தெரியும் ஒற்றுமை குறைவு. போலிருக்கை என்பது ஒரு தீர்வு, ஒரே தீர்வல்ல.

இந்த இடத்தில்தான் மற்ற பாக்டீரியாக்களைப் பார்க்க வேண்டியிருக்கிறது. ஈ. கோலையில் கண்டவற்றைப் பாக்டீரியாவின் பொது விதிகளாக எழுதும் பழக்கம் நூல்களில் நெடுங்காலம் நிலவியது. மண்ணில் வாழும் பேசில்லஸ் சப்டிலிஸ் அந்தப் பழக்கத்தைக் கேள்விக்குள்ளாக்கியது. அதில் எஸ்10, எஸ்பிசி, ஆல்ஃபா ஆகிய மூன்றும் 15,000 இணைகார நீளமுள்ள ஒரே தொடராகப் படியெடுக்கப்படுகின்றன. எஸ்4 மரபணு அந்தத் தொடரிலேயே இல்லை, தனியே இருக்கிறது. அது தன்னைத்தானே கட்டுப்படுத்துகிறது என்று கிரண்டியும் டினா ஹென்கினும் 1991இல் காட்டினர். கட்டுப்படுத்தும் முன்பகுதி ஈ. கோலையின் ஆல்ஃபா ஓபரான் அமைப்பல்ல. எல்20 ஈ. கோலை, பேசில்லஸ் இரண்டிலும் தன் ஓபரானை அடக்குகிறது. ஈ. கோலையில் மொழிபெயர்ப்பை நிறுத்தி அடக்குகிறது. பேசில்லஸில் படியெடுத்தலை முடித்து அடக்குகிறது. எல்10இலும் பேசில்லஸின் வழி படியெடுத்தல் முடிப்புதான். பேசில்லஸில் ஆர்என்ஏ பாலிமரேஸ், பின்தொடரும் ரைபோசோமைவிட வெகுவாக முந்திச் செல்கிறது என்று மாசசூசெட்ஸ் தொழில்நுட்பக் கழகத்தின் குழு 2020இல் காட்டியது. அப்படிப்பட்ட செல்லில், ஆர்என்ஏ மடிப்பு நேரடியாகப் பாலிமரேஸை நிறுத்துவது இயல்பான தேர்வாகத் தெரிகிறது. நிறுவப்பட்ட விளக்கம் அல்ல என்றாலும் பொருத்தமான விளக்கம்.

இந்த மடிப்புகளின் பரவலை முறையாக அளந்தவர் பாஸ்டன் கல்லூரியின் மிஷெல் மேயர். அவரது குழு 2013இல் ஈ. கோலையின் ஆர்என்ஏ அமைப்புகளில் பத்தை எடுத்துக்கொண்டு எல்லாப் பாக்டீரியா மரபுத்தொகுதிகளிலும் தேடியது. மூன்று மட்டுமே பல பாக்டீரியாத் தொகுதிகளில் பரவியிருந்தன. மீதி ஏழும் காமா புரோட்டியோபாக்டீரியாவின் சில வரிசைகளோடு நின்றுவிட்டன. ரைபோசோமின் மையம் உயிரின் மிகப் பழைய பொருள்களுள் ஒன்று. அதன் புரதங்கள் தூரத்துப் பாக்டீரியாக்களிலும் அடையாளம் காணத்தக்க அளவு ஒத்தவை. ஆனால் அவற்றின் அளவைக் காக்கும் ஆர்என்ஏ மடிப்புகள் பெரும்பாலும் உள்ளூர்க்காரர்கள்.

எஸ்15 இதன் மிக நல்ல சாட்சி. ஈ. கோலையில் போலி முடிச்சு, ஜியோபேசில்லஸில் ரைபோசோமின் இருக்கையை ஒத்த மூன்றுசுருள் சந்திப்பு, தெர்மஸ் தெர்மோஃபிலஸில் இன்னொரு வடிவம், ரைசோபியத்தில் மற்றொன்று. பரிணாமத்தில் எஸ்15 தன் ரைபோசோம் இருக்கையை மாற்றவில்லை. அதன் தூது ஆர்என்ஏக்கள் மட்டும் தனித்தனியே அதைப் பற்றிக்கொள்ளக் கற்றிருக்கின்றன. 2015இல் மேயரின் குழு இந்தப் புரதங்களையும் ஆர்என்ஏக்களையும் மாற்றி மாற்றிச் சேர்த்துப் பார்த்தது. சில புரதங்கள் அந்நிய ஆர்என்ஏவையும் அடையாளம் கண்டன, சில காணவில்லை. புரதமும் அதன் ஆர்என்ஏவும் சேர்ந்தே மாறி வந்திருக்கின்றன என்பது இதன் பொருள். இதற்கு எதிர்த்திசையில் எல்4 நிற்கிறது. வேற்றுப் பாக்டீரியாக்களின் எல்4ஐ ஈ. கோலைக்குள் வைத்தால் அது எஸ்10 முன்பகுதியை அடக்குகிறது. அந்தப் பாக்டீரியாக்கள் பலவற்றில் அத்தகைய முன்பகுதியே இல்லை. ஆர்என்ஏவைப் பற்றும் திறன் புரதத்தில் எப்போதும் இருந்தது. அதைப் பயன்படுத்திக்கொள்ளும் ஆர்என்ஏதான் ஒரு கிளையில் பின்னர் தோன்றியது.

அப்படியானால் இத்தகைய ஆர்என்ஏ தோன்றுவது எவ்வளவு கடினம்? 2016இல் மேயரின் ஆய்வகம் தற்செயலாகக் கலந்த வரிசைகளின் குவியலிலிருந்து எஸ்15ஐப் பற்றும் ஆர்என்ஏக்களைச் சோதனைக் குழாயில் தேர்ந்தெடுத்தது. தேர்ந்தவற்றில் சில, செல்லுக்குள் மரபணு வெளிப்பாட்டை அடக்கவும் செய்தன. அதாவது கட்டுப்படுத்தும் மடிப்புகள் வரிசைவெளியில் அரிதானவை அல்ல. ஒரு குலத்தில் ஒன்று தொலைந்தாலும் வேறொன்று அதன் இடத்தைப் பிடிக்க வாய்ப்புண்டு. மேலே கண்ட உள்ளூர்த்தன்மைக்கு இதைவிட எளிய காரணம் தேட வேண்டியதில்லை.

பாக்டீரியாவுக்கு வெளியிலும் இதே கொள்கை வேறு உடையில் காணப்படுகிறது. மெத்தனோகாக்கஸ் வன்னீலி என்ற ஆர்க்கியாவில் எல்1 தன் தூது ஆர்என்ஏவைத்தான் பற்றுகிறது. ஆனால் பற்றும் இடம் முன்பகுதியில் இல்லை. புரதத்தின் குறிமுறைப் பகுதிக்குள்ளேயே இருக்கிறது. ஈஸ்ட்டில் ரைபோசோம் புரத மரபணுக்களில் பெரும்பாலானவற்றுக்கு இன்ட்ரான்கள் (பின்னர் வெட்டி நீக்கப்படும் இடைத்துண்டுகள்) உண்டு; அவை கட்டுப்பாட்டுக்குக் கூடுதலான ஒரு படியைத் தருகின்றன. ஜோனதன் வார்னரின் ஆய்வகம் 1991இல் காட்டியபடி, எல்30 தன் முன்தூது ஆர்என்ஏவில் அமைந்த வளைவுமடிப்பைப் பற்றி, இன்ட்ரான் வெட்டப்படுவதையே தடுக்கிறது. வெட்டப்படாத ஆர்என்ஏ புரதம் தராது. வெட்டப்பட்டுவிட்ட தூது ஆர்என்ஏவின் மொழிபெயர்ப்பையும் எல்30 அடக்குகிறது.

இந்தப் பின்னூட்டம் மட்டுமே ரைபோசோம் புரதங்களின் அளவைத் தீர்மானிப்பதாக எண்ணிவிடக்கூடாது. அமினோ அமிலம் தீர்ந்தால் செல்லில் பிபிஜிபிபி என்ற சிறு மூலக்கூறு கூடுகிறது. அது ரைபோசோம் ஆர்என்ஏவின் படியெடுத்தலைக் குறைக்கிறது. புரதங்கள் பின்னூட்டத்தின் வழியே தானாகக் குறையும் என்றே முன்பு கருதப்பட்டது. 2011இல் ரிச்சர்ட் கோர்ஸின் விஸ்கான்சின் குழு, பிபிஜிபிபியும் டிகேஎஸ்ஏ புரதமும் ரைபோசோம் புரத மரபணுக்களின் இயக்கிகளை நேரடியாகவும் அடக்குகின்றன என்று காட்டியது. இரண்டு அடுக்குகளும் சேர்ந்து வேலை செய்கின்றன. இயக்கியளவிலான கட்டுப்பாடு மொத்த உற்பத்தியை ஏற்றி இறக்குகிறது. ஆர்என்ஏ மடிப்புகள் அதற்குள் விகிதத்தைச் சீராக்குகின்றன. 2014இல் ஜீன்-வெய் லி, ஜோனதன் வைஸ்மன் உள்ளிட்டோர் ரைபோசோம் தடம்பதிப்பு முறையில் ஈ. கோலையின் எல்லாப் புரதங்களின் உற்பத்தி வீதங்களையும் அளந்தனர். பல அலகுகள் கொண்ட கூட்டுகளின் புரதங்கள் அவற்றின் தேவையான விகிதத்துக்கு மிக நெருக்கமாகவே உற்பத்தியாகின்றன என்று அந்தத் தரவு காட்டியது. ரைபோசோம் அவற்றுள் ஒன்று. எல்7/எல்12இன் நான்கு படிகளும் அந்தக் கணக்கில் அடக்கம்.

இந்த மடிப்புகள் உண்மையில் உயிருக்கு எவ்வளவு அவசியம் என்பதை நேரடியாகச் சோதித்த பணிகள் குறைவு. மேயரின் ஆய்வகம் 2018இல் பேசில்லஸ் சப்டிலிஸில் எல்20 பற்றும் ஆர்என்ஏவைத் தனியே குலைத்துப் பார்த்தது. புரத மரபணு அப்படியே இருந்தது. அதைக் கண்காணிக்கும் மடிப்பு மட்டும் கெட்டிருந்தது. அத்தகைய திரிபுகளின் உயிர்த்தகவு குறைந்தது. எந்த மடிப்பு எந்த நிலைமையில் காக்கிறது என்ற கணக்கு மற்ற ஓபரான்களுக்கு இன்னும் போடப்படவில்லை. ஈ. கோலைக்கும் பேசில்லஸுக்கும் அப்பால் பெரும்பாலான பாக்டீரியாத் தொகுதிகளில், காவலாளான புரதத்தின் பெயரைக் கணிக்க முடிந்தாலும், அது பற்றும் ஆர்என்ஏவைக் கண்டுபிடிக்கும் வேலையே மீதியிருக்கிறது.